என்று நம்பப்படுகிறது

வெள்ளிக்கிழமை ராத்திரி பத்தரைக்கு
தொண்டி கேபிளில் நாங்கள்
சரித்திரம் விடுவோம்.

விடுவது என்றால், கதை விடுவது போல.
ஐஸ் கம்பெனியில் கம்ப்ரசர் பார்க்கிற இன்னாசிமுத்து
கல்யாணக் கோட்டைப் போட்டுக்கொண்டு
உப்பளத்து வரப்பில் கேமராவை நோக்கி நடந்து வருவான்.
சரித்திரம் சொல்கிறவர்கள் ஏன் எப்போதும்
நடந்துகொண்டே சொல்கிறார்கள், தெரியாது.
அவனும் நடப்பான்.
சேற்றில் ஒற்றைச் செருப்பு நின்றுவிட்டாலும்
முகத்தில் ஒன்றும் காட்ட மாட்டான்.

குரல் என்னுடையது.
ஆட்டோவில் மைக் கட்டி
துக்கச் செய்தி சொல்லிப்போகிற அதே குரல்.

"சங்கப் பாட்டில் வரும் தொண்டி
மேற்குக் கடற்கரையில் இருந்தது என்பார்கள்.
இருந்தது.
வாடகை கட்டுப்படியாகாமல்
ஓர் ஆடிச் செவ்வாய், மதியம் மூன்று மணிக்கு
சட்டி பானையோடு வண்டி கட்டி
இந்தப் பக்கம் வந்துவிட்டது
என்று நம்பப்படுகிறது."

முரசு அதிரும்.
கீபோர்டில் பதினேழாம் நம்பர் பொத்தான்.

சீமைக்கருவேலங்காட்டிலிருந்து
ரோமாபுரிச் சிப்பாய்கள் நாலு பேர்
ஈரிழைத் துண்டைத் தோளில் ஊக்குக் குத்தி
முள் பார்த்து முள் பார்த்து வெளிப்படுவார்கள்.
ஒருவன் மணிக்கட்டில் வாட்ச்.
"கடிகாரம் இங்கேதான் பிறந்தது என்பதற்கு
இதைவிடச் சான்று வேண்டுமா?" என்பேன்,
அடக்க நேரம் சொல்கிற மாதிரி.

சைக்கிள் கடை கலந்தர் ஆசிக்கின் மார்புக்குக் கீழே
'மூத்த ஆய்வாளர்' என்று எழுத்து வரும்.
அவர் பேசுவது ஒரே வரி:
"அதை இப்போதைக்குச் சொல்ல முடியாது."
பாதி ஊர் அதற்காகவே விழித்திருக்கிறது.

கொண்டல் காற்றில் ஒயர் ஆடி
படம் புள்ளி புள்ளியாகிற இரவுகளில்
யோசித்திருக்கிறேன், இதில் என்ன இருக்கிறது என்று.

பெரிய சேனல்கள் வராமலில்லை.
அவர்கள் டிரோன் எங்கள் ஓடுகளுக்கு மேலே போய்
தனுஷ்கோடியில் இறங்கும்.
அண்ணாந்து கை காட்டினோம்.
படத்தில் எறும்புகளாக வந்தோம்.
எங்கள் பொய்யிலோ
பாண்டியன் படை புரோட்டாவுக்குக் கடன் சொன்னது
பஸ் ஸ்டாண்டு எதிரே, இரண்டாவது கடை.
கடை இருக்கிறது.
கடனும் இருக்கிறது.

இப்போதெல்லாம் நிஜப் படம் ஓடும்போதும்
யாராவது கேட்டுவிடுகிறார்கள்:
"கூட இருந்து பாத்தானாக்கும்?"

பதினோராவது வாரம் ஒரு ராணி தேவைப்பட்டாள்.
நண்டுக் கம்பெனியில் சதை பிரிக்கிற காளீஸ்வரி
ஷிப்டு முடிந்து கை கழுவி வந்தாள்.
இட்லித் தட்டைக் கவிழ்த்துத் தலையில் வைத்தோம்.
கடலைப் பார்க்கச் சொன்னோம்.
மீட்டர் ரீடிங் எடுக்க வந்தவனைப் பார்ப்பதுபோலப் பார்த்தாள்.
"கி.பி. தொள்ளாயிரம்.
இந்தக் கரை முழுக்க இவள் பெயரில் இருந்தது
என்று நம்பப்படுகிறது."

திங்கட்கிழமை அவள்
அந்தக் காட்சியை ஜெராக்ஸ் கடையில் கலரில் எடுத்து
திருவாடானை தாலுகா ஆபீசுக்கு பஸ் ஏறினாள்.
அவளுடைய பட்டா மனு
மூன்று தடவை திரும்பியிருந்தது.
மூன்று தடவையும் ஒரே காரணம்: ஆதாரமில்லை.

கிளார்க் சிரித்தாராம்.
"இது பொய்ப்படம்மா."
"எப்படிச் சொல்றீங்க?"
"பாத்தாலே சிரிப்பு வருதில்ல?"
"உங்க ரிஜிஸ்டரப் பாத்தாலும்
எனக்கு அப்படித்தான் வருது சார்.
எங்க வீடு இருக்கிற எடத்துல
கடல்னு எழுதியிருக்கீங்க."

நாலாவது தடவையும் திரும்பியது.

இந்த வாரம் படப்பிடிப்பு அவள் வீட்டில்.
அடுப்புக்கும் பீரோவுக்கும் நடுவே
இன்னாசிமுத்து கோட்டோடு நீந்துவான்.
அவள் மகன் கணக்கு நோட்டைத் தலைக்கு மேலே
நனையாமல் பிடித்துக்கொள்வான்.
நான் புதிதாக ஒன்றும் எழுதவில்லை.
பதிவேட்டு நகலை அப்படியே வாசிக்கிறேன்,
சர்வே எண், உட்பிரிவு, வகைப்பாடு,
கீழே கையெழுத்து.
முரசு வேண்டாமென்று சொல்லிவிட்டேன்.

குழம்பைக் கிளறிக்கொண்டே கேட்கிறாள்:
"இந்தத் தடவையும் தட்டு வைக்கணுமா?
மாவு ஊத்தி வச்சிருக்கேன்."